வசந்தாமணிக்கு உயரம் ஆகாது

காலையிலிருந்து இது மூன்றாவது பெஞ்சு. முதல் பெஞ்சு சிமெண்டில் செய்து மரக்கட்டை மாதிரி வர்ணம் பூசியது, மலை விளிம்பில் தொங்கிய நடைபாதைக்கு எதிரே. இரண்டாவது இரும்பு, உட்கார்ந்ததுமே குளிர் புடவையைத் தாண்டி ஏறிற்று, அங்கே பாறையோரமாகப் பலகை அடித்துப் பாதை போட்டிருந்தார்கள். இது மரம், ஆனால் ஒரு கால் ஆடுகிறது, பக்கத்தில் அவர் அசையும்போதெல்லாம் வசந்தாமணியும் சேர்ந்து அசைய வேண்டியிருக்கிறது, கல்யாணமான நாளிலிருந்து அசைகிற மாதிரி. மடியில் யார் யாருடையதோ கைப்பைகள். காலடியில் தண்ணீர் பாட்டில்கள், ஒரு மூட்டுவலித் தைலம், யாரோ பாதி கடித்து வைத்த கொய்யா. கோபியிலிருந்து ராத்திரியோடு ராத்திரியாகக் கிளம்பி, வயநாட்டு மலையெல்லாம் சுற்றி ஏறி, இத்தனை தூரம் வந்தது கொய்யாவுக்குக் காவல் இருக்கத்தான். எதிரே கண்ணாடிப் பாலம் மலையிலிருந்து அந்தரத்துக்கு நீட்டிக்கொண்டிருந்தது, கட்டிக்கொண்டு வந்தவர்கள் பாதியில் சண்டை போட்டுக்கொண்டு போய்விட்டது போல. அக்கரை கிடையாது. முனை வரைக்கும் போக வேண்டியது, கீழே பார்க்க வேண்டியது, ஐயோ என்று கத்த வேண்டியது, படம் எடுத்துக்கொண்டு திரும்பி வர வேண்டியது. அவ்வளவுதான். அந்த அவ்வளவு கூட அவளுக்கு இல்லை. பஸ்ஸை விட்டு இறங்கும்போதே வழிகாட்டிப் பெண் ஜெனிட்டா கழுத்தில் தொங்கிய மைக்கில் சொல்லிவிட்டாள், "வசந்தாமணி அம்மாவுக்கு மட்டும் உயரம் ஆகாது, அவங்க பெஞ்சுல ரெஸ்ட் எடுப்பாங்க, பேக் எல்லாம் அவங்ககிட்ட குடுத்திருங்க." மலையே கேட்டிருக்கும். பக்கத்து பஸ்காரர்கள் கூடத் திரும்பிப் பார்த்தார்கள், ஒரு கிழவர் பாவம் என்று உச்சுக் கொட்டினார், எந்த ஊர்க் கிழவரோ, அவருக்கு என்ன தெரியும்.

யாருக்குத்தான் என்ன தெரியும். நடைப்பயிற்சி சங்கத்து ஆட்கள் அத்தனை பேரும் காலில் துணி உறையை மாட்டிக்கொண்டு வரிசையில் நிற்கிறார்கள், முழங்காலில் ஆபரேஷன் செய்துகொண்ட பழனாத்தாள் அக்கா முதற்கொண்டு. அவர் மட்டும் போகவில்லை. அவர் என்றால் சென்னியப்பன், சங்கத் தலைவர், ஓய்வுபெற்ற பி.டி. வாத்தியார், ஊருக்கெல்லாம் மாஸ்டர், இன்றைக்கும் ஒரு விசில் அடித்தால் பழைய மாணவர்கள் பேரன் பேத்தியோடு விறைத்து நிற்பார்கள். ஒவ்வொரு இடத்திலும் ஒரே கூத்து. டிக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டு வரிசையில் கொஞ்ச தூரம் போவார். அப்புறம் நின்று, பெஞ்சைத் திரும்பிப் பார்த்து, எல்லாருக்கும் கேட்கிற மாதிரி ஒரு பெருமூச்சு விட்டு, "நீங்க போயிட்டு வாங்க. அவளைத் தனியா உட்டுட்டு எனக்கு மனசு கேக்காது" என்று திரும்பி வந்து உட்கார்ந்துகொள்வார். உடனே பெண்கள் கூட்டத்தில் ஒரு சலசலப்பு. இப்போதுகூட ராஜேஸ்வரி போகிற போக்கில் குனிந்து அவள் தோளைத் தட்டினாள், "நெம்ப குடுத்து வெச்சவீங்கக்கா நீங்க. எங்கூட்டுக்காரரு நான் எங்க கெடக்கறேன்னு கூடப் பாக்காம முன்னால ஓடிட்டாரு." குடுத்து வெச்சவள் சிரித்தாள். சிரித்துச் சிரித்து வாய் அதற்கென்றே பழகிப் போயிருந்தது. அவளுக்குத் தலை சுற்றியதே கிடையாது. ஒரு நாள் கூட, ஒரு நொடி கூடக் கிடையாது. பாவாடை கட்டிய வயசில் மோட்டார் ரூம் கூரையில் நின்று கிணற்றுக்குள் குதித்தவள், அண்ணன்மாரெல்லாம் படிக்கட்டில் நின்று எட்டிப் பார்த்துக்கொண்டிருக்க இவள்தான் முதலில் குதிப்பாள், காற்று காதுக்குள் புகுந்து வெளியே போகும், அப்புறம் தண்ணீர் முகத்தில் அறையும். தலை சுற்றுகிறது என்றால் எப்படி இருக்கும் என்று அவளே மற்றவர்களைக் கேட்டுத்தான் தெரிந்துகொண்டாள், டாக்டர் கேட்டால் சொல்வதற்கு.

எல்லாம் அந்தக் கோத்தகிரிப் பக்கத்துக் கோபுரத்தால் வந்த வினை. கல்யாணமாகி முதல் வருஷம், அவருடைய பங்காளிகள் எல்லாரும் வேன் பிடித்துப் போனது, தேயிலைத் தோட்டத்துக்கு அப்பால் ஒரு பார்வைக் கோபுரம், சுற்றிச் சுற்றி ஏறும் இரும்புப் படி, படிக்கு நடுவே சந்து, சந்து வழியாகப் பள்ளத்தாக்கு. அவர் அண்ணன் மேலே போய்விட்டார், கொழுந்தன் மேலே போய்விட்டான், மேலே இருந்து டேய் சென்னி, மெதுவா வாடா புது மாப்ள என்று சிரிப்பு. இவருக்குப் பின்னால் இவள். பாதியில் நின்றுவிட்டார். என்ன என்று பார்த்தால் கம்பியைப் பிடித்த கை வெள்ளையாக இருந்தது. சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. கெண்டைக்கால் தனியாக நடுங்கியது, வேட்டி மறைத்தும் தெரிந்தது. அப்படியே திரும்பி ஒரு பார்வை பார்த்தார். அந்தப் பார்வையை என்ன சொல்ல. பள்ளிக்கூடத்தில் நூறு பையன்களைக் கயிறு ஏற வைக்கிற மனுஷன், அண்ணன் தம்பிகள் முன்னால் இந்தப் படியில் உட்கார்ந்து அழுதுவிடுவாரோ என்று அவளுக்கே பதறிப்போனது. அப்போது வாயில் வந்ததுதான். யோசிக்கவே இல்லை, சும்மா வந்தது. "ஏனுங்க, எனக்குத் தலை சுத்துதுங்க. கீழ போயிரலாமுங்க." அவ்வளவுதான் சொன்னாள். மேலே இருந்தவர்களுக்கும் கேட்கிற மாதிரி சத்தமாகச் சொன்னாள். அவர் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, இல்லை, அவள் அவர் கையைப் பிடித்துக்கொண்டு, ஒவ்வொரு படியாக இறங்கினார்கள். கீழே வந்ததும் அவருக்கு உயிர் வந்தது. ஓடிப் போய் சோடா வாங்கி வந்தார். முகத்தில் தண்ணீர் தெளித்தார். முந்தானையால் விசிறினார். பங்காளிகள் இறங்கி வந்தபோது அவள் தலையைச் சாய்த்துக் கண்ணை மூடிக்கொண்டிருந்தாள், உள்ளுக்குள் சிரிப்பு, உள்ளுக்குள் பெருமை, புருஷன் மானத்தைக் காப்பாற்றிய பெருமை, பதினெட்டு கூட நிரம்பாத மாதிரி ஒரு முட்டாள் பெருமை. ராத்திரி தனியாக இருக்கும்போது ஒரு வார்த்தை சொல்வார் என்று காத்திருந்தாள். நல்ல வேலை செஞ்ச வசந்தா, என்று. இல்லாவிட்டால் ஒரு சிரிப்பு. அவர் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துத் தூங்கிவிட்டார். மறுநாள் அவளுடைய அம்மாவிடம் போனில் சொல்லிக்கொண்டிருந்தார், இவளுக்கு உயரம் ஆகறதில்லீங்கத்தே, கொஞ்சம் பாத்துக்கோணும்.

அங்கேயே சொல்லியிருக்க வேண்டும். எங்கே சொல்வது, எப்படிச் சொல்வது. பொய் என்பது காய்ச்சல் மாதிரி வந்துவிட்டுப் போய்விடும் என்று நினைத்தாள், இது வந்து வீடு கட்டிக் குடியிருந்தது. பழனியில் ரோப் கார் வேண்டாம், அவளுக்கு ஆகாது, ஆகவே இருவரும் படியேறினார்கள். ஈரோட்டுப் பொருட்காட்சியில் ராட்டினம் வேண்டாம், அம்மாவுக்கு ஆகாது, ஆகவே மகள் தனியாகச் சுற்றிவிட்டு வந்து அம்மாவுக்காக அப்பா கீழேயே நின்றார் என்று கட்டுரையில் எழுதிப் பரிசு வாங்கினாள். வீடு கட்டியபோது துணி காயப்போடும் கம்பியை மொட்டை மாடியில் கட்டாமல் பின்கட்டு நிழலில் கட்டினார், மழைக்காலத்தில் எந்தத் துணியும் காயாது, வீடு பூராவும் ஈர நாற்றம், எல்லாம் அவள் நன்மைக்கு. பெங்களூரில் மகள் வீடு பன்னிரண்டாம் மாடி. பால்கனியில் நின்று ஒரு டீ குடிக்கலாம் என்று போனால் கதவில் பூட்டு. அம்மா வந்திருக்காங்க என்று மாப்பிள்ளை பூட்டி வைத்திருக்கிறார், தங்கமான பையன், என்ன சொல்ல. காது மூக்கு தொண்டை டாக்டரிடம் கூட்டிப் போனார்கள். அவர் தலையை இப்படியும் அப்படியும் திருப்பினார், காதுக்குள் வெந்நீரை விட்டார், ஒன்றும் கண்டுபிடிக்கவில்லை, இருந்தாலும் மாத்திரை எழுதினார். அதைச் சாப்பிட்டாள். அதுதான் அவளால் இன்றைக்கும் தன்னை மன்னிக்க முடியாத விஷயம், சாப்பிட்டாள், வருஷக்கணக்கில், சாப்பிட்டால் தூக்கம் சொக்கும், நாக்கு காயும், மத்தியானம் எழுந்தால் என்ன கிழமை என்று தெரியாது. இல்லாத நோய்க்கு மருந்து தின்ற பைத்தியக்காரி உலகத்திலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன் என்று நினைத்துக்கொண்டாள். இன்றைக்கும் பஸ் கிளம்புமுன் உள்ளங்கையில் மாத்திரையை வைத்துத் தண்ணீரையும் மூடி திறந்து கொடுத்தார். விழுங்கினாளா, துப்பினாளா என்று கூட இருந்து பார்த்தார். விழுங்கினாள். கண்ணிமை இன்னும் கனமாகத்தான் இருக்கிறது.

"குளுருதா?" என்றார் அவர். "இல்லீங்க." "சால்வ எடுக்கட்டா?" "வேண்டாமுங்க." பெஞ்சு ஆடியது. அவர் பாலத்தைப் பார்க்கவில்லை, பார்க்கிற மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு வரிசைக்கம்பியைத்தான் பார்க்கிறார், அவளுக்குத் தெரியும். தெரியாதது ஒன்றுதான். அதில்தான் மனசு முள்ளில் மாட்டிய சேலை மாதிரி போய்ப் போய் மாட்டிக்கொள்கிறது. இவருக்கு ஞாபகம் இருக்கிறதா? அந்தப் படி, அந்தக் கம்பி, தன் கெண்டைக்கால், அது தன்னுடையது என்று ஞாபகம் இருக்கிறதா? இல்லை, நிஜமாகவே மறந்துபோய், அன்றைக்கு வசந்தாவுக்குத்தான் முடியவில்லை, நான்தான் தாங்கிப் பிடித்து இறக்கினேன் என்றே நம்பிக்கொண்டிருக்கிறாரா? மறந்திருக்க வேண்டும். மனுஷ மனசு அப்படித்தான், வேண்டாததை அலம்பி விட்டுவிடும். மாத்திரைக்குத் தண்ணீர் கொடுக்கிற கையில் கள்ளத்தனம் இல்லையே, எத்தனை தரம் உற்றுப் பார்த்திருக்கிறாள், பொய் சொல்கிற ஆள் இத்தனை அக்கறையாக டம்ளரைக் கழுவித் தர முடியுமா. மறந்துவிட்டார், பாவம். அப்படி நினைத்தால் கொஞ்சம் ஆறும். மறந்துபோனவரை என்ன செய்வது, மறந்துபோனவரிடம் என்ன கணக்குத் தீர்ப்பது, அவரும் ஒரு மாதிரி நோயாளி என்று விட்டுவிடலாம். அப்படி விட்டுத்தான் ஓட்டினாள். ஆனால் ஏதாவது ஒரு பெஞ்சில் உட்காரும்போது மறுபடி ஆரம்பித்துவிடும். ஞாபகம் இருக்கிறதா? கேட்டுவிடலாம். கேட்டால் என்ன சொல்வார். என்ன கோபுரம், என்பார். அப்புறம்? சரி, வேறு எதையாவது பார்க்கலாம், வரிசையில் ஒரு பெண் பஞ்சு மிட்டாய் நிறத்தில் என்ன இப்படி ஒரு சட்டை போட்டிருக்கிறது. பனி இறங்குகிறது. ஞாபகம் இருக்கிறதா?

பழனாத்தாள் அக்கா திரும்பி வந்தாள், முகமெல்லாம் பல். "ஒன்னுமே இல்ல வசந்தா. கண்ணாடிக்கு அடியில சும்மா பொகை. நானே போயிட்டு வந்துட்டேன் பாத்துக்க." அவளிடமிருந்து தன் பையை வாங்கிக்கொண்டு, காலடியில் இருந்த தைலத்தை எடுத்து அதில் போட்டுக்கொண்டே, "தைரியமெல்லாம் பொறப்புலயே வரோணும், என்ன பண்றது" என்றாள். அக்கா கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. ஆனால் அது வசந்தாமணியின் காதுக்குள் போனதும், உள்ளே எங்கேயோ எத்தனையோ காலமாக அடைத்துக்கொண்டிருந்த ஒன்று பட்டென்று விட்டது. அடுத்த குழுதான் கடைசி என்று ஜெனிட்டா கொடியை ஆட்டினாள். வசந்தாமணி மடியிலிருந்த பைகளை எல்லாம் அப்படியே எடுத்து அவர் மடியில் வைத்தாள். "உங்க டிக்கெட்டை இங்க குடுங்க." "எதுக்கு?" "நான் போறனுங்க." அவர் சிரித்தார், சுற்றி இருந்தவர்களைப் பார்த்து. "வெளையாடாத வசந்தா. உனக்கு ஆகாது." "எனக்கா ஆகாது?" குரல் அவளையும் மீறி உயர்ந்தது. ராஜேஸ்வரி திரும்பினாள், அவள் புருஷன் திரும்பினான், வரிசை முழுக்கத் திரும்பியது. வசந்தாமணி சொன்னாள், தெளிவாக, ஒவ்வொரு வார்த்தையாக, "எனக்கு ஒன்னும் கெடையாது. பயமெல்லாம் இவருக்குத்தான். அன்னைக்கும் இவருக்குத்தான், இன்னைக்கும் இவருக்குத்தான்." சொல்லிவிட்டாள். இடி விழும் என்று நினைத்தாள். விழுந்தது கொல்லென்று சிரிப்பு. "மாஸ்டருக்கு! மாஸ்டருக்குப் பயமாம்ல!" ராஜேஸ்வரியின் புருஷன் வயிற்றைப் பிடித்துக்கொண்டான். "அக்கா நல்லா ஓட்டறாங்க மாஸ்டர் உங்களை." எல்லாரையும் விட அவர்தான் சத்தமாகச் சிரித்தார். நிஜத்தைப் போட்டு உடைத்தால் அது தமாஷாகிவிட்டது, இதற்கு மேல் ஒரு மனுஷி என்னதான் செய்வாள், சுவரில் முட்டிக்கொள்ளலாம், சுவரும் இல்லை. டிக்கெட்டை அவர் விரலிலிருந்து உருவிக்கொண்டு போனாள்.

போனாளே தவிர, போகவிட்டார்களா. கேட்டைத் தாண்டியதுமே ஜெனிட்டா ஓடி வந்து புஜத்தைப் பிடித்துக்கொண்டாள், நல்ல பிடி, ரத்தம் நின்றுபோகிற பிடி. "அம்மா, நான் இருக்கேன். கீழ பாக்காதீங்க. என் கண்ணை மட்டும் பாருங்க." "எனக்குப் பயமில்ல அம்மிணி, கைய உடு." "அப்படித்தாம்மா சொல்லணும், சூப்பர், மூச்சை இழுத்து விடுங்க." கண்ணாடி என்றார்களே, அதில் ஆயிரம் பேர் நடந்த கீறல், அதற்கு அடியில் பனி, பனி விலகுகிற இடத்தில் மரத்தின் உச்சிகள், ஓர் ஓடை, ஓடையை ஒட்டிச் செம்மண் பாதையில் எறும்பு மாதிரி ஒரு ஜீப். இவ்வளவுதானா? இதற்கா இத்தனை வருஷம்? எட்டிப் பார்க்கலாம் என்று குனிந்தால் ஜெனிட்டா மோவாயைப் பிடித்து முகத்தைத் தூக்குகிறாள், "வேண்டாம்மா, வேண்டாம்." முனைக்கு வந்ததும் கைதட்டல். அங்கே நின்ற முன்பின் தெரியாத ஜனமெல்லாம் தட்டியது. ஜெனிட்டா போனை நீட்டினாள், "ஒரே வார்த்தைம்மா, எப்படிப் பயத்தை ஜெயிச்சீங்க?" "எனக்குப் பயமே கெடையாதுன்னு சொல்றனே, காதுல உழுகலயா உனக்கு?" "பயமே கிடையாதாம்! பாருங்க, இதுதான் தன்னம்பிக்கை!" வசந்தாமணிக்கு அழுகை வந்தது. ஆத்திரத்தில் வந்த அழுகை. அதையும் படம் எடுத்தார்கள், சந்தோஷக் கண்ணீர் என்று. ஒரு தரம், ஒரே ஒரு தரம், தன் கால் நடுங்காத கால்தான் என்று யாராவது ஒத்துக்கொள்ள வேண்டும், அதற்கு மேல் அவளுக்கு இந்த உலகத்தில் எதுவும் வேண்டியிருக்கவில்லை. புஜத்தை உதறிக்கொண்டு திரும்பி நடந்தாள், தனியாக, கீழேயே பார்த்துக்கொண்டு, வேகமாக.

அவர் கேட்டுக்கு வந்து நின்றிருந்தார். யாரோ உள்ளே தள்ளியிருக்க வேண்டும், மாஸ்டர் போய்க் கூட்டிட்டு வாங்க என்று. கண்ணாடி ஆரம்பிக்கிற இடத்தில், சிமெண்டின் கடைசி விளிம்பில் நின்று, பைகளைத் தோளில் மாட்டிக்கொண்டு, ஒரு கையை முன்னால் நீட்டியிருந்தார். "வா, வா வசந்தா, நான் பிடிச்சுக்கறேன்." அவர் கைக்கு எட்டுகிற தூரத்தில், கடைசிக் கண்ணாடியில், அவள் நின்றாள். ஏன் நின்றாள் என்று அவளுக்கே தெரியாது. கால்தான் நின்றது. "நீங்க வாங்க," என்றாள். "ஒரு எட்டு வெச்சு வந்து கூட்டிட்டுப் போங்க." "அய்யோ, அக்காவுக்குக் கால் வரல பாருங்க, மாஸ்டர் போங்க," என்று பின்னாலிருந்து ராஜேஸ்வரி. "போங்க மாஸ்டர்." "ஒரே எட்டுதானுங்க மாஸ்டர்." அவர் நகரவில்லை. நீட்டிய கை அப்படியே இருந்தது, இன்னொரு கை கம்பியில் இருந்தது, கம்பியில் இருந்த கை வெளுக்க ஆரம்பித்தது. முகத்தில் இருந்த சிரிப்பு அங்கேயே இருந்தது, எடுத்து வைக்க இடம் தெரியாமல். அப்புறம் அவர் குனிந்தார். மற்றவர்கள் காதில் விழாத குரலில், பல்லைக் கடித்துக்கொண்டு, கெஞ்சினார். "வேண்டாம் வசந்தா. அன்னைக்கு மாதிரி ஒரு வார்த்தை சொல்லீரு. எல்லாரும் பாக்கறாங்க."

அன்னைக்கு மாதிரி. அவள் அதை முதலில் காதால் கேட்டாள், அப்புறம்தான் அது உள்ளே இறங்கியது. அப்படியானால் தெரியும். ரோப் கார் வேண்டாம் என்றபோது தெரியும், பால்கனியில் பூட்டு போட்டபோது தெரியும், டாக்டர் காதுக்குள் வெந்நீர் விட்டபோது பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து கவலையாகப் பார்த்துக்கொண்டிருந்தாரே, அப்போதும் தெரியும். இன்று காலையில் உள்ளங்கையில் மாத்திரையை வைத்தபோது தெரியும். மறந்துவிட்டார் என்று நம்பித்தானே அவள் அவரை மன்னித்து வைத்திருந்தாள். எதிரே ஜனம் காத்திருந்தது. பின்னால் காவலாளி விசில் ஊதி, "சேச்சி, அங்ஙனெ நிக்கக்கூடாது, மாறு மாறு" என்று மலையாளத்தில் நகரச் சொல்லிக் கத்தினான். அந்த வார்த்தை அவள் நாக்கு நுனியில்தான் இருந்தது, பழகின வார்த்தை, தலை சுத்துதுங்க, சொன்னால் முடிந்தது, எல்லாரும் பஸ் ஏறிச் சாப்பிடப் போகலாம். அவர் கண்ணில் அதே பார்வை, அந்த இரும்புப் படியில் பார்த்த அதே பார்வை, அதைப் பார்த்ததும் பாழாய்ப்போன மனசு இன்றைக்கும் இளகத்தான் செய்தது. அவளுக்கு அதுவும் ஆத்திரமாக வந்தது. கையை நீட்டினாள். அவர் கையை விட நன்றாகவே நீட்டினாள், ஒரு துளி நடுக்கம் இல்லாமல், எல்லாரும் பார்க்கும்படியாக.

"பயமா இருக்குன்னு சொல்லுங்க," என்றாள். "சொல்லீட்டீங்கன்னா நான் வந்துர்றனுங்க."